அணு இல்லாத ஊரில் அத்தான்

என் அத்தான், அதாவது அக்கா வீட்டுக்காரர், அணு உலை இன்ஜினியர். நான் எட்டாங்கிளாஸ். பாஸா பெயிலா என்று கேட்காதீர்கள், வாத்தியாருக்கே அதில் கடைசிவரை குழப்பம் இருந்தது. எங்கள் வீட்டில் படிப்பு விளையவில்லை என்று, அக்காவுக்கு மாப்பிள்ளை பார்க்கும்போது அப்பா அதை வெளியிலிருந்து மொத்தமாக வாங்கிப் போட்டுவிட்டார்.

ஆக்லாந்துக்கு நான்தான் முதலில் வந்தேன். ஒரு இந்திய ஓட்டலுக்குப் பரோட்டா மாஸ்டராக வந்தவன், ஓட்டலை மூடியதும் மங்கரேயில் ஏர்போர்ட் சரக்கு ஷெட்டில் பெட்டி தூக்கிக்கொண்டிருந்தேன். அந்தச் சமயத்தில்தான் இந்த நாடு படித்தவர்களுக்கு மார்க் போட்டு விசா கொடுக்க ஆரம்பித்தது. இன்ஜினியர் என்றால் மார்க்கை அள்ளிப் போட்டார்கள். என்ன இன்ஜினியர் என்று கேட்கவில்லை. எனக்கு அப்படி மார்க் போட்டிருந்தால் ஏர்போர்ட் கக்கூஸ் வரைக்கும்கூட விட்டிருக்க மாட்டார்கள்.

ஊரிலிருந்து அத்தான் போன் பண்ணினார்.

"மாப்ள, அங்க அணுமின் நிலையம் எந்தப் பக்கம் இருக்கு?"

"அணுவா? நான் பாத்ததில்ல அத்தான். ஆடு நிறைய இருக்கு."

"வெளையாடாத. எங்க ஆபீஸ் லைப்ரரில பழைய புஸ்தகம் ஒண்ணுல பாத்தேன். ஆக்லாந்துக்கு வடக்க, கடலோரமா, மேப்புல புள்ளி வச்சிருக்கான். பெரிய ஸ்டேஷன் வரப்போகுதுன்னு போட்டிருக்கான். இந்நேரம் கட்டி முடிச்சிருப்பான்."

"அப்ப முடிச்சிருப்பான் அத்தான்," என்றேன். படித்தவர் சொன்னால் சரியாகத்தான் இருக்கும் என்பது எட்டாங்கிளாஸ்காரனின் கொள்கை.

தொண்ணூற்றாறில் வந்து சேர்ந்தார்கள். அத்தான், அக்கா, சின்னப் பெண் ஒன்று. பாபகூராவில் வாடகைக்கு ஒரு வீடு பிடித்தோம். அவர்கள் உள்ளே, நான் கராஜில். அத்தான் ஒன்றும் குருட்டாம்போக்கில் வந்துவிடவில்லை. அவர் ஆபீஸில் சம்பளம் இல்லாத லீவு எடுத்துக்கொண்டு வெளிநாடு போகலாம், நாற்காலி இரண்டு வருஷம் காத்திருக்கும். தொண்ணூற்றெட்டு ஏப்ரல் முடிவதற்குள் திரும்பிப் போய் உட்காராவிட்டால் நாற்காலியும் போச்சு, பென்ஷனும் போச்சு. அதற்குள் இங்கே அவர் படிப்புக்கு ஒரு வேலை பிடிக்க வேண்டும். இல்லையென்றால் மூட்டையைக் கட்ட வேண்டும்.

வந்த வாரமே காரில் ஊரைச் சுற்றிக் காட்டினேன். ஒரு முனிசிபல் எல்லையில் நிறம் போன பலகை ஒன்று நின்றது. 'அணு இல்லாத பகுதி' என்று இங்கிலீஷில் எழுதியிருந்தது. தினமும் தாண்டிப் போகிற பலகைதான். 'குப்பை போடாதே' மாதிரி ஏதோ ஒன்று என்று நினைத்திருந்தேன். அத்தான் காரை நிறுத்தச் சொன்னார். இறங்கிப் போய்ப் படித்தார். பிறகு பலகையின் பின்பக்கமும் போய்ப் பார்த்தார், அங்கே வேறு ஏதாவது எழுதியிருக்குமோ என்று.

அன்றிலிருந்து லைப்ரரியே கதி என்று கிடந்தார். நடந்தது இதுதான். இந்த நாட்டுக்கு ஒரு காலத்தில் அணு ஆசை இருந்தது. இடம்கூடப் பார்த்து வைத்தார்கள். அப்புறம் கடலில் கேஸ் கிடைத்தது, மண்ணில் நிலக்கரி கிடைத்தது, ஜனங்களும் வேண்டாம் என்று கையெழுத்துப் போட்டார்கள். ஆசையை மடித்துப் பரணில் போட்டுவிட்டார்கள். அதெல்லாம் நடந்து இருபது வருஷம் ஆகிவிட்டது. அத்தான் பார்த்த புஸ்தகம் அதற்கும் முந்தையது. சாமியே இல்லாத ஊருக்குக் குருக்கள் ஒருவர் குடும்பத்தோடு வந்து இறங்கிய கதை.

"குண்டு கூடாதுன்றான், அணுக் கப்பல் கூடாதுன்றான். கரண்டு எடுக்கக் கூடாதுன்னு சட்டத்துல எங்கயும் இல்ல மாப்ள. வரி வரியாப் படிச்சிட்டேன்" என்றார்.

"அப்ப எடுத்துற வேண்டியதுதானே" என்றாள் அக்கா, வெங்காயம் நறுக்கிக்கொண்டே. "கொல்லையில இடம் கெடக்கு."

அக்கா வந்த மாதமே ஏர்போர்ட் பக்கம், விமானச் சாப்பாடு அடுக்குகிற கிச்சனில் சேர்ந்துவிட்டாள். அவள் சம்பாத்தியத்தில்தான் வீடு ஓடியது. அத்தான் டை கட்டிக்கொண்டு இண்டர்வியூவுக்குப் போவார். ஓர் இடத்தில் பழைய வேலை என்ன என்று கேட்டார்களாம். "ரியாக்டர் ஆபரேஷன்" என்றாராம். கேட்டவர் சிரித்துக்கொண்டே நாற்காலியைப் பின்னால் நகர்த்தி, "இருட்டில் மினுங்குவீர்களா?" என்றாராம். அத்தான் இதை வீட்டில் வந்து சொன்னபோது நான் சிரித்துவிட்டேன். ரொம்ப நேரம் சிரித்தேன். அக்கா கரண்டியைத் தூக்கியதும்தான் நிறுத்தினேன்.

"அத்தான், அணுங்கற வார்த்தையே எடுக்காதீங்க. பாய்லர் வேலைன்னு சொல்லுங்க. உள்ள என்ன எரியுதுன்னு அவனுக்கு எதுக்கு?"

"என் சர்வீஸ் பூரா பாய்லராடா?" என்றார்.

ஆனாலும் சொல்லிப் பார்த்தார். ஊரின் வடக்குக் கோடியில், ஆல்பனியில் ஒரு ஆபீஸ். கண்ணாடிக் கட்டடம், வாசலில் செயற்கைக் குளம். பாய்லர் என்றார். அவர்களுக்கு ஒரே சந்தோஷம். "அப்படியா, இந்த நாட்டு பாய்லர் டிக்கெட் வைத்திருக்கிறீர்களா?" என்று கேட்டார்கள். அணு உலையை நடத்தியவருக்குப் பாய்லர் ஓட்ட லைசென்ஸ் இல்லை. அந்த டிக்கெட் வாங்க வேண்டுமென்றால் ஏதாவது பாய்லரில் கொஞ்ச காலம் வேலை செய்திருக்க வேண்டுமாம். திரும்பி வரும்போது காரில், "உண்மையச் சொன்னா பயப்படுறான், பொய்யச் சொன்னா டிக்கெட் கேக்கறான்" என்றார்.

வீட்டில் சும்மா உட்கார்ந்து சுவரைப் பார்க்கிறாரே என்று என் ஷெட்டில் சேர்த்துவிட்டேன். மேஸ்திரி யாழ்ப்பாணத்துக்காரர், நல்ல மனுஷன். "உங்கட அத்தான் பெரிய படிப்பெல்லோ, பெட்டி தூக்குவாரே?" என்று கேட்டுவிட்டுத்தான் எடுத்தார்.

அத்தானுக்கு உலையில் பழகிய பழக்கம் ஒன்று உண்டு. அங்கே யாரும் சொன்ன உடனே செய்துவிட மாட்டார்களாம். ஒருவர் சொல்ல வேண்டும், செய்கிறவர் அதைத் திருப்பிச் சொல்ல வேண்டும், சொன்னவர் 'சரி' சொல்ல வேண்டும். அதற்குப் பிறகுதான் கை வைக்க வேண்டும். ஷெட்டில் மேஸ்திரி கத்தினார்:

"அண்ணை, அந்த மீன் பெட்டியை மூண்டாம் லைனில வையுங்கோ!"

"மீன் பெட்டி, மூணாம் லைன், வைக்கிறேன்" என்று அத்தான் திருப்பிக் கத்தினார். கத்திவிட்டுப் பெட்டியைத் தூக்கிப் பிடித்தபடி அப்படியே நின்றார். மேஸ்திரி 'சரி' சொல்லவில்லை. அவருக்கு எப்படித் தெரியும்? அத்தான் நிற்கிறார். ஐஸ் உருகி மீன் தண்ணீர் அவர் சட்டைக்குள் இறங்குகிறது. பின்னால் தள்ளுவண்டிகள் வரிசை கட்டிவிட்டன.

"என்ன அண்ணை, பெட்டியோட கதைக்கிறியளோ?"

"நீங்க சரின்னு சொல்லல."

"ஓம், ஓம், சரி! ஐயோ, வையுங்கோ!"

ஷெட்டே பிடித்துக்கொண்டது. நான்கு தேசத்து ஆட்களும் ஒருவருக்கொருவர் திருப்பிச் சொல்லிக் கூத்தடித்தார்கள். "டீ குடிக்கப் போறேன்." "டீ குடிக்கப் போறாய், சரி!" நானும்தான் சேர்ந்து கத்தினேன். அந்த வாரக் கடைசியில் மேஸ்திரி என்னைத் தனியாகக் கூப்பிட்டு, "தம்பி, அவர் நல்லவர். இஞ்ச சரிவராது" என்றார். அத்தானிடம் சொன்னதும், "இங்க யாருமே சரி சொல்ல மாட்டேங்கறான் மாப்ள" என்றார். கோபமாகச் சொல்லியிருந்தால் தாங்கியிருப்பேன். சின்னப்பிள்ளை மாதிரி சொன்னார்.

அதற்குப் பிறகுதான் அந்தப் புள்ளியை நேரில் பார்த்தே ஆக வேண்டும் என்று பிடிவாதம் பிடித்தார். ஒரு ஞாயிற்றுக்கிழமை புளியோதரை கட்டிக்கொண்டு நாலு பேரும் கிளம்பினோம். ஆல்பனியைத் தாண்டி வடக்கே போனால் கைப்பரா என்று ஒரு பெரிய உப்பங்கழி. தார் ரோடு முடிந்து சரளை ரோடு, அதுவும் முடிந்து ஒரு வேலி. வேலிக்கு அந்தப் பக்கம் மாடுகள். மாடுகளுக்கு அப்பால் தண்ணீர் வற்றிய சேறு, கண்ணுக்கெட்டிய வரைக்கும் சேறு. பத்து வீடு கட்டக்கூட யாரும் ஆசைப்படாத இடம்.

ரப்பர் பூட்ஸ் போட்ட ஒரு வெள்ளைக்கார விவசாயி நாயோடு வந்தார். உதட்டை அசைக்காமல் பேசுகிற ரகம். அத்தானுக்குப் புஸ்தக இங்கிலீஷ், எனக்கு ஷெட் இங்கிலீஷ். அதனால் நான்தான் மொழிபெயர்ப்பாளன். என் பள்ளிக்கூடம் பார்த்திருந்தால் இடிந்து விழுந்திருக்கும்.

"என்னடா சொல்றார்?"

"அவங்க அப்பா காலத்துல ஆளுங்க வந்தாங்களாம். மண்ணத் துளைச்சுப் பாத்தாங்களாம். டீ குடிச்சாங்களாம். போயிட்டாங்களாம்."

"திரும்பி வருவாங்களான்னு கேளு."

கேட்டேன். விவசாயி சிரிக்கவில்லை. இண்டர்வியூவுக்குப் போகிற மாதிரி அத்தான் கட்டி வந்திருந்த டையைப் பார்த்தார், அக்காவின் தூக்குச்சட்டியைப் பார்த்தார். பிறகு மெதுவாக ஏதோ சொன்னார்.

"என்ன?"

"லேட்டா வந்துட்டீங்களாம் அத்தான். வேணும்னா இருந்து சுத்திப் பாத்துட்டுப் போங்க, கேட்டை மட்டும் சாத்திடுங்கன்னார்."

அத்தான் வேலியைத் தாண்டினார். அவர் முகத்தில் அப்படியொரு வெளிச்சத்தை அந்த வருஷம் முழுவதும் நான் பார்க்கவில்லை. கை நீட்டி நீட்டிக் காட்டினார். "இது டர்பைன் ஹால். அங்கேருந்து கடல் தண்ணிய உள்ள எடுப்பான். சுவிட்ச்யார்டு அந்த மேட்டுல." அக்காவிடம் திரும்பினார். "நீ நிக்கிறியே, அதான் உலை. சரியா நடு மையம்."

"அப்ப இங்கயே சாப்பிட்டுருவோம்" என்றாள் அக்கா. "சோறு சூடாவாவது இருக்கும்."

நான் சிரித்தேன். அவரும் சிரித்தார். சிரித்துக்கொண்டே தண்ணீர் எடுக்கும் இடத்தைக் காட்டுகிறேன் என்று சேற்றில் இறங்கினார். முழங்கால் வரைக்கும் போய்விட்டது. கை கொடுக்கப் போனேன்.

"இரு மாப்ள. கொஞ்ச நேரம் இப்படியே இருக்கேன்."

"ஏன் அத்தான்?"

"நான் செய்யத் தெரிஞ்ச வேலை இந்த நாட்டுல எங்கயாவது இருந்திருந்தா இங்கதான் இருந்திருக்கும்."

டை சேற்றில் தொங்கியது. தோள் குலுங்கியது. குழந்தை அம்மா கையைப் பிடித்துக்கொண்டு, "மம், ஒய் இஸ் அப்பா கிரையிங்?" என்று கேட்டது. மாடுகள் வரிசையாக வந்து நின்று வேடிக்கை பார்த்தன. என்னால் ஒரு பகடியும் யோசிக்க முடியவில்லை. எனக்கு அது புதுசு.

இழுத்து வெளியே எடுத்தோம். ஒரு ஷூ வரவில்லை.

திரும்பும்போது அத்தான் பின்சீட்டில் இருந்து சொன்னார்: "ஏப்ரலுக்குள்ள போயிரணும். எல்லாரும் கெளம்பிருவோம்."

"நான் வரல" என்றாள் அக்கா, முன்சீட்டில் இருந்து, திரும்பிப் பார்க்காமல். "புள்ள இங்க படிக்குது. எனக்கு வேலை இருக்கு. வர்றப்பவும் நீங்களே முடிவு பண்ணீங்க, போறப்பவும் நீங்களே. எனக்கு வாய் இல்லையா?"

அதற்குப் பிறகு அத்தான் அந்தப் பேச்சை எடுக்கவே இல்லை. நான் ஒரு தடவை மெதுவாக, "அக்காகிட்ட இன்னொரு வாட்டி கேட்டுப் பாருங்களேன்" என்றதற்கு, "அவ சம்பாத்தியத்துல சாப்பிட்டுக்கிட்டு எந்த வாயால மாப்ள கேக்கறது?" என்றார்.

தொண்ணூற்றெட்டு பிப்ரவரியில், இங்கே அதுதான் கோடை, ஆக்லாந்தின் நடு ஊரே இருண்டது. பூமிக்கடியில் ஓடிய கேபிள்கள் ஒன்றன்பின் ஒன்றாகச் செத்தன. மாடிக் கட்டடங்களில் லிஃப்ட் இல்லை, தண்ணீர் இல்லை, ஏசி இல்லை. ஆபீஸ்காரர்கள் கம்ப்யூட்டரைக் கட்டித் தூக்கிக்கொண்டு புறநகருக்கு ஓடினார்கள். வாரக்கணக்கில் இது. நம் ஊரில் தினமும் கரண்ட் போகும், இருட்டில் உட்கார்ந்து ஒரு பாட்டுப் பாடிவிட்டுத் தூங்குவோம். இங்கே உலகமே முடிந்த மாதிரி டிவியில் பேசினார்கள்.

அத்தான் டிவி முன்னால் எழுந்து நின்றுவிட்டார். "பாத்தியா? பாத்தியா? இப்பத் தேடுவான். ஸ்டேஷன் கட்டியிருந்தா..." என்று ஆரம்பித்து நிறுத்தினார். போனது ஒயர்தான், கரண்ட் உற்பத்தி இல்லை என்று அவரைவிட நன்றாக யாருக்கும் தெரியாது. தெரிந்தும் மறுநாள் காலையில் கோட்டு மாட்டிக்கொண்டு ரயிலேறினார். அவர் போகும் வேகத்தைப் பார்த்துவிட்டு நான் லீவு போட்டுக் கூடவே போனேன்.

நடு ஊரின் குயின் தெருவெல்லாம் டீசல் புகை. நடைபாதை நெடுக லாரி சைஸில் ஜெனரேட்டர்கள் உறுமிக்கொண்டிருந்தன. ஒரு கான்ட்ராக்டர் வியர்த்து வழிந்து கத்திக்கொண்டிருந்தார், ஆள் போதவில்லை. அத்தான் தன் சர்டிபிகேட்டுகளை நீட்டினார். அவர் அதைப் பார்க்காமல் டீசல் கேனை நீட்டினார்.

அப்படித்தான் என் அத்தானுக்கு நியூசிலாந்தில் மின்சார வேலை கிடைத்தது. ஒரு கட்டடத்துக்கு வெளியே நின்ற ஜெனரேட்டருக்கு டீசல் ஊற்றுவது, எண்ணெய் பார்ப்பது, சூடு பார்ப்பது. கூட இருந்த சமோவாக்காரர் பெரிய உடம்பு, பெரிய சிரிப்பு. அத்தான் திருப்பிச் சொல்கிற வழக்கத்தை அவருக்குச் சொல்லிக் கொடுத்தார். அவருக்கு அது பிடித்துப்போய்விட்டது, ஒவ்வொன்றுக்கும் தெருவே அதிர 'சரி' சொன்னார். அந்த வாரங்களில் அத்தான் டீசல் நாற்றத்தோடு வீட்டுக்கு வந்து இரண்டு தட்டுச் சோறு சாப்பிட்டார். குழந்தைக்குக் கதை சொன்னார். அக்கா அவர் கையில் எண்ணெய்க் கறையைத் தேய்த்துக் கழுவிவிட்டதை நான் பார்த்தேன். ஒருவேளை எல்லாம் நேராகிவிடுமோ என்று எனக்கே ஆசை வந்தது. என் ஆசைக்கும் இந்த நாட்டு அணு ஆசைக்கும் ஒரே ராசி.

ரயில்பாதை ஓரமாக அவசரக் கம்பி இழுத்தார்கள். கரண்ட் வந்துவிட்டது. ஊரே கை தட்டியது. கிரேன் வந்து அத்தானின் ஜெனரேட்டரைத் தூக்கி லாரியில் வைத்தது. நடைபாதையில் அது நின்ற இடம் மட்டும் கறுப்பாக இருந்தது. அத்தான் கான்ட்ராக்டரிடம் போய், நிரந்தரமாக ஏதாவது இருக்குமா என்று கேட்டார். அவர் முதுகில் தட்டி, "அடுத்த தடவை கரண்ட் போகட்டும், முதல் ஆளாக உன்னைத்தான் கூப்பிடுவேன்" என்றார். நல்ல எண்ணத்தில்தான் சொன்னார். அத்தான் நன்றி என்றார். அன்று சாயங்காலம் டிக்கெட் போட்டார். ஒரே ஒரு டிக்கெட்.

ஏப்ரலில் ஒரு சனிக்கிழமை காலை, மங்கரே ஏர்போர்ட். குழந்தை, "பை அப்பா, சீ யூ சூன்" என்றது, பக்கத்துத் தெருவுக்குப் போகிறவரிடம் சொல்கிற மாதிரி. அத்தான் அதன் தலையில் கை வைத்தார். அக்கா, "பெல்ட்ட சரியாப் போடுங்க" என்றாள். அவர், "ம்" என்றார். கல்யாணம் பண்ணி அத்தனை வருஷம் குடித்தனம் நடத்தியவர்கள் அவ்வளவுதான் பேசினார்கள். என்னைப் பார்த்தார்.

"மாப்ள, ஏதாவது சொல்லுடா. சிரிக்கற மாதிரி."

வாயைத் திறந்தேன். பிறந்ததிலிருந்து மூடத் தெரியாத வாய். ஒன்றும் வரவில்லை. "நல்லாப் போயிட்டு வாங்க அத்தான்" என்றேன். அதற்கே அவர் சிரித்தார். சிரித்தபடி கதவுக்கு அந்தப் பக்கம் போய்விட்டார்.

கார் நிறுத்தும் இடத்துக்கு வந்தோம். காரை எங்கே விட்டேன் என்று எனக்கு மறந்துவிட்டது. தேடிக்கொண்டிருக்கும்போதே அக்கா நடைபாதை ஓரத்தில் அப்படியே உட்கார்ந்துவிட்டாள். குழந்தை ஓடிப்போய் மடியில் ஏறிக்கொண்டது.

"அக்கா, எந்திரி. ஆளுங்க பாக்கறாங்க."

"கூப்பிட்டிருந்தா போயிருப்பேன்டா."

"என்ன?"

"ஒரே ஒரு வாட்டி, வாடின்னு கூப்பிட்டிருந்தா போயிருப்பேன். அன்னைக்குக் கார்ல கோவத்துல சொன்னேன். அப்புறம் தினமும் பாத்தேன், இன்னைக்குக் கேப்பாரு, இன்னைக்குக் கேப்பாருன்னு. இப்ப உள்ள போறப்பகூடப் பாத்தேன்டா."

"இத ஏன் அவர்கிட்டச் சொல்லல?"

"நான் எப்படிடா சொல்றது? அவர்தானே கேக்கணும்."

ஓடினேன். காலில் ரப்பர் செருப்பு, அதில் ஒன்று பாதி வழியில் கழன்றது, விட்டுவிட்டேன். தள்ளுவண்டிகளை இடித்துக்கொண்டு, யார் யாரோ திட்ட, அந்தக் கதவு வரைக்கும் ஓடினேன். உள்ளே, வரிசையின் கடைசியில், அவர் பின்தலை தெரிகிற மாதிரி இருந்தது. "அத்தான்!" என்று கத்தினேன். யாரும் திரும்பவில்லை. கதவோரம் நின்ற அதிகாரி கையை நீட்டி மறித்தார்.

"போர்டிங் பாஸ், சார்?"

பாக்கெட் எல்லாம் துழாவினேன். கிடைத்தது கார் பார்க்கிங் சீட்டு ஒன்றுதான். அதையே நீட்டினேன். அவர் அதை வாங்கி, முன்னும் பின்னும் திருப்பிப் பார்த்துவிட்டு, மரியாதையாக என் கையிலேயே திருப்பிக் கொடுத்தார்.